வீட்டு வெப்பமானி காட்டும் எண்ணில் ஐயமா? அறிகுறிவாரியாகப் பிழை நீக்கும் வழிமுறை

வீட்டில் ஒருவருக்கு உடம்பு சுடுகிறது என்றால் முதலில் கைதான் நெற்றிக்குப் போகிறது. அதன் பிறகே அலமாரியில் தெர்மாமீட்டரைத் தேடுகிறோம். கை சொல்வதும் கருவி சொல்வதும் ஒத்துப்போகாவிட்டால், அல்லது இரண்டு கருவிகள் தமக்குள்ளேயே முரண்பட்டால், “இது கெட்டுப்போய்விட்டது, வேறு வாங்க வேண்டும்” என்ற முடிவுக்குப் பெரும்பாலோர் உடனே வந்துவிடுகின்றனர். ஆனால் பல நேரங்களில் பிழை கருவியில் இருப்பதில்லை. அளந்த இடத்திலோ, நேரத்திலோ, முறையிலோதான் இருக்கிறது. அதைக் கண்டுபிடிக்காமல் புதுக் கருவி வாங்கினால், அதே பிழை புதுக் கருவியிலும் தொடரும். ஆகவே கீழே ஒவ்வோர் அறிகுறிக்கும் காரணத்தையும் தீர்வையும் தந்திருக்கிறேன். எந்தப் பிழை உங்கள் வீட்டில் அடிக்கடி நேர்கிறது என்று தெரிந்துகொண்டால், எந்த வகைக் கருவி உங்களுக்கு ஏற்றது என்பதும் ஏறத்தாழ முடிவாகிவிடும்.

தொடங்கும் முன் ஓர் எச்சரிக்கை. மூன்று மாதத்துக்கு உட்பட்ட குழந்தைக்கு 100.4 டிகிரி ஃபாரன்ஹீட் (38 டிகிரி செல்சியஸ்) அல்லது அதற்கு மேல் காட்டினால், அது கருவியின் பிழையா என்று ஆராய்ந்துகொண்டிருக்க வேண்டாம். உடனே மருத்துவரிடம் கொண்டுசெல்ல வேண்டும். வலிப்பு, மூச்சுத்திணறல், பிதற்றல், எழுப்பினாலும் எழாத மயக்கம் ஆகியவை இருக்கும்போதும் எண்ணைப் பற்றிய ஐயத்தைப் பிறகு தீர்த்துக்கொள்ளலாம்.

அறிகுறி: இரண்டு கருவிகள் இரண்டு எண்களைக் காட்டுகின்றன

எங்கள் வீட்டிலேயே நடந்தது இது. குழந்தையின் அக்குளில் வைத்த டிஜிட்டல் வெப்பமானி 98.4 என்றது, நெற்றிக்கு நேரே பிடித்த அகச்சிவப்புக் கருவி 99.8 என்றது. எது உண்மை என்று வீட்டில் அரை மணி நேரம் வாதம் நடந்தது. இரண்டுமே தத்தம் இடத்தில் உண்மையைத்தான் சொல்லியிருக்கக்கூடும் என்பது பிறகே விளங்கியது.

உடலுக்கு ஒரே வெப்பநிலை கிடையாது. உள்ளுறுப்புகளின் வெப்பத்துக்கு மிக அருகில் இருப்பது ஆசனவாய் அளவு. நாக்கின் அடியில் எடுக்கும் அளவு அதைவிடச் சற்றுக் குறைவாகவும், அக்குள் அளவு வாயளவைவிடப் பொதுவாக அரை முதல் ஒரு டிகிரி ஃபாரன்ஹீட் வரை குறைவாகவும் இருக்கும். இந்த வேறுபாடு எல்லாருக்கும் எப்போதும் ஒரே அளவில் இருப்பதில்லை. அதனால் அக்குள் அளவோடு ஒரு டிகிரியைக் கூட்டிச் சொல்லும் பழக்கத்தைக் கைவிடுவது நல்லது. மருத்துவரிடம் “அக்குளில் 99.6” என்று இடத்தையும் எண்ணையும் சேர்த்தே சொல்லுங்கள், கூட்டுவதா வேண்டாமா என்பதை அவர் பார்த்துக்கொள்வார். நீங்கள் ஏற்கெனவே ஒன்றைக் கூட்டிச் சொல்லி, அவரும் மனத்துக்குள் இன்னொன்றைக் கூட்டினால், இல்லாத இரண்டு டிகிரி காய்ச்சல் பிறந்துவிடும்.

காய்ச்சல் என்று கொள்ளும் எல்லையும் இடத்துக்கு இடம் மாறும். ஆசனவாய் அளவில் 100.4, வாயில் 100, அக்குளில் 99 டிகிரி ஃபாரன்ஹீட் என்பன பரவலாகப் பின்பற்றப்படும் எல்லைகள். ஆகையால் அக்குளில் 99.2 காட்டும் குழந்தைக்குக் காய்ச்சல் இருக்கலாம்; வாயில் 99.2 காட்டும் பெரியவருக்கு இல்லாமல் இருக்கலாம்.

இரண்டு கருவிகளையும் ஒரே இடத்தில் வைத்து அளந்த பிறகும் வேறுபாடு இருந்தால், அடுத்து அதன் அளவைப் பாருங்கள். நல்ல டிஜிட்டல் வெப்பமானியின் பெட்டியில் ±0.2 டிகிரி ஃபாரன்ஹீட் (±0.1 செல்சியஸ்) என்று அச்சிட்டிருப்பார்கள். ஒன்று 0.2 கூடுதலாகவும் மற்றொன்று 0.2 குறைவாகவும் காட்டினால் இடைவெளி 0.4 ஆகிறது, இரண்டுமே தமக்கு அனுமதிக்கப்பட்ட வரம்புக்குள்தான் இருக்கின்றன. ஆகவே 0.4 வரை வேறுபாட்டைப் பொருட்படுத்த வேண்டியதில்லை. ஒரே இடத்தில், முறையாக, மூன்று தடவை அளந்தும் ஒரு டிகிரி இடைவெளி நீடித்தால் மட்டுமே கருவியை ஐயுற வேண்டும். அதைச் சோதிக்கும் வழியைப் பின்னால் சொல்கிறேன்.

அறிகுறி: காலையில் ஒன்று, மாலையில் வேறொன்று

இது கருவியின் குறை அன்று, உடலின் இயல்பு. நலமாக இருப்பவரின் வெப்பநிலையும் விடியற்காலையில் மிகக் குறைந்து, பிற்பகல் நான்கு மணி முதல் ஆறு மணி வரையிலான நேரத்தில் உச்சத்தைத் தொடும். இடையே ஏறத்தாழ ஒரு டிகிரி ஃபாரன்ஹீட் வேறுபாடு இருப்பது வியப்பன்று. பெண்களுக்குக் கருமுட்டை வெளிப்பட்ட பின் அடுத்த மாதவிலக்கு வரை வெப்பநிலை சற்று உயர்ந்தே இருக்கும். முதியவர்களின் வழக்கமான அளவு இளையோரைவிடக் குறைவாக இருப்பதுண்டு. அதனால் கடுமையான தொற்று இருந்தும் அவர்களுக்கு நூறைத் தாண்டாமல் போகலாம்.

“98.6தான் சரியான அளவு” என்ற எண்ணம் நம் மனத்தில் ஆழப் பதிந்துவிட்டதால், 97.5 காட்டினாலே கருவி பழுது என்று தோன்றுகிறது. அந்த எண்ணின் வரலாறே ஒரு நல்ல பாடம். ஜெர்மானிய மருத்துவர் கார்ல் வுண்டர்லிக் 1868இல் வெளியிட்ட நூலின் வழியாகத்தான் 37 செல்சியஸ் என்ற இயல்பளவு உலகெங்கும் பரவியது. அதை ஃபாரன்ஹீட்டுக்கு மாற்றியபோது 98.6 கிடைத்தது. அவர் அளந்தது பெரும்பாலும் அக்குளில். அவருடையது எனக் கருதப்படும் ஒரு வெப்பமானியைப் பிற்காலத்தில் சோதித்தபோது, அது இன்றைய கருவிகளைவிட ஒரு செல்சியஸ் டிகிரிக்கும் மேல் கூடுதலாகக் காட்டியது தெரியவந்தது. 1992இல் அமெரிக்காவில் 148 பேரிடம் நாக்கடியில் அளந்து செய்த ஆய்வில் சராசரி 98.2 என்றே வந்தது. நலமாக இருப்பவருக்கான மேல்வரம்பு விடியற்காலையில் 98.9 ஆகவும், நாள் முழுவதற்குமாகப் பார்த்தால் 99.9 ஆகவும் இருந்தது. எனவே நலமாக உள்ளவருக்கு 97.6 காட்டும் கருவியைக் குப்பையில் போட்டுவிட வேண்டாம்.

அறிகுறி: உடம்பு அனலாகக் கொதிக்கிறது, கருவியோ குறைவாகக் காட்டுகிறது

அக்குளில் அளக்கும் வீடுகளில்தான் இந்தப் புகார் மிகுதி. காரணங்களை இந்த வரிசையில் பாருங்கள்.

முதலாவது, முனை நின்ற இடம். டிஜிட்டல் வெப்பமானியின் உலோக முனைக்குள் வெப்பத்துக்கேற்ப மின்தடை மாறும் தெர்மிஸ்டர் என்ற சிறு பொருள் உள்ளது. அந்த முனை தொட்டிருக்கும் இடத்தின் வெப்பத்தை மட்டுமே அதற்குத் தெரியும். அக்குளின் உச்சிக் குழியில் தோலோடு தோலாக முனை பதிந்து, கையை மார்போடு ஒட்டி இறுக்கிப் பிடித்திருந்தால் மட்டுமே சரியான அளவு கிடைக்கும். சட்டைத் துணி இடையே மாட்டிக்கொண்டாலும், முனை பின்பக்கமாக வெளியே நீட்டிக்கொண்டிருந்தாலும், அளப்பது அறையின் காற்றையே. மெலிந்த முதியவர்களுக்கு அக்குள் குழி ஆழமாக இருப்பதால் முனையைச் சுற்றிக் காற்றிடம் உண்டாகும். அவர்களுக்கு வேறோர் இடத்தில் அளப்பதே சரி.

இரண்டாவது, வியர்வை. ஈரம் ஆவியாகும்போது தோலைக் குளிர்விக்கிறது. அளக்கும் முன் அக்குளைத் துணியால் ஒற்றித் துடையுங்கள். அழுத்தித் தேய்த்தால் அந்த உராய்வே தோலைச் சூடாக்கிவிடும்.

மூன்றாவது, அவசரம். பீப் ஒலி வந்தவுடன் எடுத்துவிடுகிறோம். வெப்ப உயர்வு குறிப்பிட்ட வேகத்துக்குக் கீழே தணிந்துவிட்டது என்பதைத்தான் பல கருவிகளின் ஒலி தெரிவிக்கிறது. வாயில் அது போதுமானது. அக்குளிலோ தோல் மெல்லமெல்லவே சூடேறுவதால், ஒலி எழுந்த பின்னும் எண் ஏறிக்கொண்டிருக்கும். கையைத் திறந்து வைத்திருந்தவர் அப்போதுதான் மூடினார் என்றால், ஓரிரு நிமிடம் மூடிய நிலையில் வைத்திருந்து, பிறகு வெப்பமானியைச் செருகி, ஒலிக்குப் பின்னும் சில நிமிடம் காத்திருந்து படியுங்கள். பத்து நொடியில் சொல்லிவிடும் கருவிகள் உண்மையில் முழுமையாக அளப்பதில்லை. வெப்பம் ஏறும் போக்கைப் பார்த்து, எங்கே போய் நிற்கும் என்று கணித்துச் சொல்கின்றன. முனை சற்று நகர்ந்தாலும் அந்தக் கணிப்பு தடுமாறும்.

வாயில் அளந்தும் குறைவாக வந்தால், முனை நாக்கின் மேலே இருந்ததா, முன்பல்லுக்குப் பின்னால் நின்றுவிட்டதா என்று பாருங்கள். நாக்கின் அடியில், நடு நரம்புக்கு இடப்புறமோ வலப்புறமோ பின்னால் உள்ள குழிவில் அது இருக்க வேண்டும். உதடுகள் மூடியிருக்க வேண்டும். மூக்கடைப்பால் வாய்வழியே மூச்சு விடுபவருக்கும் நான்கைந்து வயதுக்குக் கீழ்ப்பட்ட குழந்தைக்கும் வாயளவு ஒத்துவராது. குளிர்ந்த நீரோ மோரோ குடித்திருந்தால் அரை மணி நேரம் விட்டு அளக்கவும்.

பாரசிட்டமால் கொடுத்து ஒரு மணி நேரம் கழித்து அளந்துவிட்டு, “கை சூடாக உணர்ந்ததே, கருவி ஏன் குறைவாகச் சொல்கிறது” என்று கேட்போரும் உண்டு. மருந்து வேலை செய்கிறது என்பதே விடை. மருந்து கொடுக்கும் முன் ஒரு தடவை அளந்து, நேரத்தோடு எழுதிவைத்தால் இந்தக் குழப்பம் வராது.

அறிகுறி: காய்ச்சல் இல்லாதவருக்கும் அதிகமாகக் காட்டுகிறது

சூடான காபி, வெந்நீர்க் குளியல், வெயிலில் நடந்து வந்தது, மாடிப்படி ஏறியது, புகைபிடித்தது ஆகிய ஐந்தில் ஏதேனும் ஒன்று கடந்த அரை மணி நேரத்துக்குள் நடந்ததா என்று கேளுங்கள். கைக்குழந்தையானால், துணி சுற்றிய கனத்தைப் பாருங்கள். குல்லாவும் போர்வையும் போட்டு மடியில் அணைத்து வைத்திருந்த குழந்தையின் தோல் சூடாகத்தான் இருக்கும். மேல்துணியை விலக்கிப் பதினைந்து நிமிடம் கழித்து மறுபடி அளக்கவும். மறுபடியும் எல்லையைத் தாண்டினால் அதைக் காய்ச்சலாகவே கொள்ள வேண்டும்.

அறிகுறி: நெற்றியில் அளக்கும் அகச்சிவப்புக் கருவி ஒவ்வொரு தடவையும் ஒவ்வோர் எண்ணைச் சொல்கிறது

கொரோனாக் காலத்தில் கடைவாசல்களில் துப்பாக்கி போல் நீட்டப்பட்ட இந்தக் கருவி, பிறகு வீடுகளுக்குள்ளும் வந்து தங்கிவிட்டது. தொடாமல் அளக்கலாம், தூங்கும் குழந்தையை எழுப்ப வேண்டியதில்லை என்பன அதன் பெரிய வசதிகள். ஆனால் நான் அறிந்தவரை வீட்டு வெப்பமானிகளில் மிகுதியாகத் தவறாகப் பயன்படுத்தப்படுவதும் இதுதான். எனவே இதன் உள்வேலையைச் சற்றே விளக்க வேண்டும்.

தோலிலிருந்து வெளிப்படும் அகச்சிவப்புக் கதிரைத் தெர்மோபைல் என்ற உணரி வாங்கிக்கொள்கிறது. அந்த உணரி நேரடியாக அறிவது நெற்றியின் வெப்பத்தையன்று. நெற்றிக்கும் தனக்கும் இடையே உள்ள வெப்ப வேறுபாட்டையே. தன் சொந்த வெப்பத்தைத் தனியே அளந்து, அதை வேறுபாட்டோடு சேர்த்து நெற்றியின் வெப்பத்தைக் கணக்கிடுகிறது. பிறகு அந்தத் தோல் வெப்பத்தை உடல் வெப்பமாக மாற்ற இன்னொரு திருத்தத்தைச் சேர்க்கிறது. இந்தச் சங்கிலியில் எந்தக் கண்ணி தளர்ந்தாலும் எண் மாறிவிடும்.

கார் டாஷ்போர்டிலோ சன்னலோரத்திலோ வெயிலில் கிடந்த கருவியை எடுத்து உடனே அளந்தாலும், ஏசி அறையில் இருந்த கருவியை வெளியறைக்குக் கொண்டுவந்து உடனே அளந்தாலும், கருவியின் சொந்த வெப்பம் இன்னும் நிலைபெற்றிருக்காது. அளக்கப்படுபவரும் கருவியும் ஒரே அறையில் பதினைந்து முதல் முப்பது நிமிடம் இருந்த பின் அளப்பதே முறை. மின்விசிறிக்கு நேர் கீழே படுத்திருப்பவரின் நெற்றி குளிர்ந்திருக்கும்; வியர்த்திருந்தால் இன்னும் குளிர்ந்திருக்கும். ஈரத்துணி போட்ட நெற்றியைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். திருநீறு, சந்தனம், பொட்டு, தைலம் ஆகியவையும் தோலின் கதிர்வீச்சை மறைக்கும். துடைத்துச் சில நிமிடம் விட்டு அளக்கவும். முடியை விலக்குங்கள்.

தூரம் மாதிரிக்கு மாதிரி மாறும். சிலவற்றை நெற்றியில் தொட வேண்டும், சிலவற்றை மூன்று, சிலவற்றை ஐந்து சென்டிமீட்டர் தள்ளிப் பிடிக்க வேண்டும். உங்கள் கையேட்டில் உள்ள எண்ணைக் கருவியின் முதுகில் ஒரு தாளில் எழுதி ஒட்டிவிடுங்கள்; வீட்டில் எல்லாரும் ஒரே தூரத்தில் பிடிப்பார்கள். பெரும்பாலான கருவிகளில் உடல், பொருள் என்று இரண்டு நிலைகள் உண்டு. பால் சூட்டையோ குளியல் நீரையோ பார்க்கப் பொருள் நிலைக்கு மாற்றிவிட்டு மறந்திருந்தால், நெற்றியில் 92, 93 என்று வரும். தோலின் மேற்பரப்பு உண்மையிலேயே அவ்வளவுதான். கருவி உடல் வெப்பமாகத் திருத்தாமல் விட்டிருக்கிறது. கருவி கெட்டுவிட்டது என்று கொண்டுவரப்படும்போது நான் முதலில் பார்ப்பது இந்தப் பொத்தானையே.

கடைசியாகக் கண்ணாடி வில்லை. விரல் பட்ட கறையும் தூசியும் கதிரைத் தடுப்பதால் அளவு குறையும். பஞ்சுக்குச்சியை ஆல்கஹாலில் லேசாக நனைத்துத் துடைத்து, நன்றாக உலர்ந்த பிறகே பயன்படுத்துங்கள். நீரில் நனைக்கவோ, துணியால் அழுத்தித் தேய்க்கவோ கூடாது.

இவ்வளவையும் சரிசெய்த பின்னரும் ஐயம் இருந்தால், நெற்றிக் கருவியை “மேலும் பார்க்க வேண்டுமா” என்று அறியும் முதல் சல்லடையாக மட்டும் வைத்துக்கொண்டு, முடிவை வாயிலோ அக்குளிலோ வைக்கும் டிஜிட்டல் வெப்பமானியிடம் விட்டுவிடலாம்.

அறிகுறி: காதுக் கருவி இடக்காதில் ஒன்றும் வலக்காதில் ஒன்றும் சொல்கிறது

தலையணையில் அழுந்தியிருந்த காது சூடாக இருக்கும். சில நிமிடம் விட்டு அளக்கவும். செவிக்குழாய் நேர்க்கோடாக இல்லாமல் வளைந்து செல்வதால், கருவியின் பார்வை செவிப்பறையில் விழ வேண்டுமானால் மடலை இழுத்து நேராக்க வேண்டும். பெரியவர்களுக்கும் ஒரு வயதைக் கடந்த குழந்தைகளுக்கும் மடலை மேல்நோக்கிப் பின்னால் இழுக்கவும். அதற்குக் கீழ்ப்பட்டவர்களுக்கு நேராகப் பின்னால் இழுக்கவும். இழுக்காமல் அளந்தால் குழாயின் சுவரைத்தான் அளப்பீர்கள். சுவர் செவிப்பறையைவிடக் குளிர்ந்தது. முனை உறையில் காதழுக்கு ஒட்டியிருந்தாலும் குறைவாக வரும். ஒவ்வொரு முறையும் புது உறை என்பது நோய் பரவாமலிருக்க மட்டுமன்று, அளவு சரியாக இருக்கவும்தான். ஆறு மாதத்துக்குட்பட்ட குழந்தையின் குழாய் மிகக் குறுகியது. அவர்களுக்கு இந்தக் கருவி வேண்டாம். காதுவலியோ சீழோ இருந்தால் அந்தக் காதைத் தவிர்த்துவிடுங்கள். எப்போதும் ஒரே காதில் அளக்கும் பழக்கம் ஒப்பிட உதவும்.

அறிகுறி: திரையில் எண்ணுக்குப் பதில் எழுத்துகள், அல்லது ஒன்றுமே இல்லை

“லோ” என்று ஆங்கில எழுத்துகளில் தெரிந்தால், முனை உடலைச் சரியாகத் தொடவில்லை, அல்லது அளவு கருவியின் கீழ் வரம்பான 90 டிகிரி ஃபாரன்ஹீட் அளவுக்கும் கீழே இருக்கிறது என்று பொருள். இயக்கியவுடன் சில நொடிகள் இந்த எழுத்து மின்னுவது இயல்பே. “ஹை” என்றால் அளவு மேல் வரம்பைத் தாண்டிவிட்டது. வெந்நீரில் கழுவிய உடன் அளந்திருப்பீர்கள். “எர்” என்று பிழை காட்டினால், அணைத்துவிட்டுக் கருவி அறை வெப்பத்துக்கு வந்த பின் மீண்டும் இயக்கவும்.

இயக்கியதும் தோன்றும் எண்ணைப் பலர் இப்போதைய அளவு என்று எண்ணிப் பதறுகின்றனர். பல மாதிரிகளில் அது கடைசியாக அளந்து நினைவில் வைத்திருக்கும் எண். நேற்றைய காய்ச்சலாக இருக்கலாம்.

திரை மங்கினால், பேட்டரிச் சின்னம் மின்னினால், செல்லை மாற்றுங்கள். பேனா வடிவ வெப்பமானிகளில் பெரும்பாலும் எல்ஆர்41 என்ற சிறு பட்டன் செல் இருக்கும். கைக்கடிகாரக் கடைகளிலும் கிடைக்கும். கூட்டல் குறி தெரியும்படி வைக்கவும். பழைய செல்லை மேசையில் விட்டுவிடாதீர்கள்: பட்டன் செல்லைக் குழந்தை விழுங்கினால் உணவுக்குழாயில் கடும் புண் உண்டாகக்கூடும், அது மருத்துவ அவசரம். நெற்றிக் கருவியில் செல் வலுவிழந்தால் திரை நன்றாகத் தெரியும்போதே எண்கள் தடுமாறத் தொடங்கலாம். மாதக்கணக்கில் பயன்படுத்தாதபோது செல்களைக் கழற்றி வைத்தால் கசிவு நேராது.

அறிகுறி: 37 காட்டுகிறது, இது என்ன கணக்கு

செல்சியசுக்கு மாறியிருக்கிறது. இயக்கும் பொத்தானைச் சில நொடி அழுத்திப் பிடித்தாலோ, பேட்டரி அறைக்குள் உள்ள சிறு பொத்தானை நகர்த்தினாலோ பல கருவிகள் மாறிவிடும். தற்செயலாக மாறுவதும் இப்படித்தான். மாற்ற முடியாத மாதிரியானால் நான்கு எண்களை மனத்தில் வையுங்கள்: 37 என்பது 98.6, 38 என்பது 100.4; 39 என்பது 102.2, 40 என்பது 104.

அறிகுறி: கண்ணாடி வெப்பமானியில் கோடு இறங்கவில்லை, துண்டுபட்டுவிட்டது, உடைந்துவிட்டது

பாதரச வெப்பமானியின் குமிழுக்கு மேலே குழாய் மிகக் குறுகியிருக்கும். ஏறிய பாதரசம் தானாக இறங்காமல் தடுப்பது அதுவே. அதனால்தான் உதறி 95க்குக் கீழே இறக்கிய பிறகே அளக்க வேண்டும். உதறாமல் அளந்தால் முந்தைய நோயாளியின் காய்ச்சலை அடுத்தவருக்குப் படிப்பீர்கள். கோடு நடுவே துண்டுபட்டு, உதறியும் சேராவிட்டால் அந்தக் கருவியை விட்டுவிடவும். பாதரசத்துக்கு மாற்றாகக் காலியம், இண்டியம், வெள்ளீயம் கலந்த உலோகக்கலவையைக் கொண்ட கண்ணாடி வெப்பமானிகளும் விற்கின்றன. அவற்றை இறக்க மேலும் பலமாக உதற வேண்டியிருக்கும் என்பதை வாங்கும் முன் அறிந்துகொள்ளுங்கள்.

உடைந்தால், குழந்தைகளையும் வளர்ப்பு விலங்குகளையும் அறையை விட்டு அனுப்பி, சன்னல்களைத் திறந்து, விசிறியையும் ஏசியையும் நிறுத்துங்கள். துடைப்பத்தால் பெருக்கினால் உருண்டைகள் மேலும் சிதறும். வாக்குவம் கிளீனர் பாதரசத்தை ஆவியாக்கிப் பரப்பும். இரண்டுமே கூடாது. கையுறை அணிந்து, கெட்டி அட்டையால் உருண்டைகளை ஒன்றுசேர்த்து, சிறு துகள்களை ஒட்டுநாடாவால் எடுத்து, மூடியுள்ள புட்டியில் அடைத்து, அபாயகரமான கழிவாக ஒப்படைக்க வேண்டும். கழுவுதொட்டியில் கொட்டக் கூடாது. பாதரசம் பற்றிய மினமாட்டா உடன்படிக்கை 2013இல் ஏற்கப்பட்டு 2017இல் நடைமுறைக்கு வந்தது. இந்தியா 2018இல் அதில் இணைந்தது. பாதரச வெப்பமானிகளின் உற்பத்தியையும் வணிகத்தையும் நிறுத்த அந்த உடன்படிக்கை குறித்த ஆண்டு 2020. அவை மிகத் துல்லியமானவை என்று பெரியவர்கள் சொல்வது உண்மைதான். இருப்பினும் இனிமேல் புதிதாக அதைத் தேட வேண்டாம்.

கருவியையே ஐயுறும்போது செய்யும் சோதனை

பனிக்கட்டி நீரில் வைத்துப் பார்ப்பது உடல் வெப்பமானிக்குப் பயன்படாது. அதன் வரம்புக்கு அது வெகு கீழே. கொதிநீரோ கருவியையே கெடுத்துவிடும், கண்ணாடியானால் வெடிக்கும். மணிக்கட்டில் ஊற்றினால் இதமாக இருக்கும் வெதுவெதுப்பான நீரை ஒரு பெரிய பாத்திரத்தில் எடுத்து, ஐயத்துக்குரிய கருவியின் முனையையும் நம்பிக்கையான மற்றொன்றின் முனையையும் அருகருகே ஒரே ஆழத்தில் பிடித்து, நீரைக் கலக்கிக்கொண்டே இரண்டு மூன்று நிமிடம் வையுங்கள். திரைப்பகுதி நனையக் கூடாது. மூன்று தடவை செய்து, ஒவ்வொரு தடவையும் 0.4க்கு மேல் ஒரே பக்கமாக விலகினால் அந்தக் கருவி உண்மையிலேயே பிழையானது. அதைத் திருத்தும் வசதி வீட்டில் இல்லை. கணித்துச் சொல்லும் பத்து நொடிக் கருவிகள் உடலுக்கென்று அமைக்கப்பட்டவை என்பதால் நீரில் வேறுபடலாம். அவற்றை இதை வைத்து மட்டும் தள்ளிவிட வேண்டாம். அகச்சிவப்புக் கருவிக்கு இந்தச் சோதனை பொருந்தவே பொருந்தாது, ஏனெனில் நீரின் மேற்பரப்பு ஆவியாதலால் குளிர்ந்தே இருக்கும்.

அறிகுறி: காய்ச்சல் விட்டுவிட்டதாகக் காட்டுகிறது, ஆனால் ஆள் தேறவில்லை

கருவி சரியாகவே இருக்கலாம். தேறிவிட்டார் என்ற நம் முடிவுதான் தவறு. டெங்குவில் காய்ச்சல் தொடங்கிய மூன்றாம் நாள் முதல் ஏழாம் நாள் வரையிலான காலத்தில் வெப்பம் இறங்கும்போதுதான் சிலருக்கு ஆபத்தான கட்டம் தொடங்குகிறது. கடும் வயிற்றுவலி, விடாத வாந்தி, ஈறிலோ மூக்கிலோ இரத்தம், மிகுந்த சோர்வு, சிறுநீர் குறைதல் ஆகியவற்றில் ஒன்று தெரிந்தாலும் 98.4 என்ற எண்ணைப் பார்த்து ஆறுதலடையாமல் மருத்துவமனைக்குச் செல்லுங்கள். கத்திரி வெயிலில் வேலை செய்து மயங்கியவருக்கும் அக்குள், நெற்றி அளவுகளை நம்ப முடியாது. உள்ளே 104ஐத் தாண்டியிருக்கும்போதே தோல் வியர்த்துக் குளிர்ந்து காட்டலாம். குழப்பமாகப் பேசினால் உடலைக் குளிர்வித்துக்கொண்டே உதவியை அழையுங்கள்.

இனி வாங்குவதானால்

மேலே எந்த அறிகுறியில் அதிக நேரம் நின்றீர்களோ அதுவே வழிகாட்டும். பெரும்பாலான வீடுகளுக்கு என் பரிந்துரை எளியது: வளையும் முனையும் நீர்புகாத உடலும் கொண்ட, ஒரு நிமிட அளவில் அளக்கும் சாதாரண டிஜிட்டல் வெப்பமானி ஒன்று. விலை குறைவு, பிழைக்கு இடம் குறைவு. கைக்குழந்தை உள்ள வீட்டில் ஆசனவாய்க்கென்று தனியாக ஒன்றை வாங்கி, அதில் அழியாத மையால் எழுதி வையுங்கள். மருத்துவரோ செவிலியரோ முறையைக் காட்டிய பிறகே அப்படி அளக்கவும். படுக்கையில் இருக்கும் முதியவருக்கு, வாயை மூடி வைத்திருக்க முடியாதபோது, காதுக் கருவி கைகொடுக்கும். இரவெல்லாம் விழித்து அளக்க வேண்டியிருக்கும் வீட்டில் நெற்றிக் கருவி இரண்டாவதாக இருக்கலாம், முதலாவதாக வேண்டாம். நெற்றியில் ஒட்டி நிறம் மாறும் பட்டைகளுக்கும் வாய்ச்சூப்பி வடிவ வெப்பமானிகளுக்கும் பணம் செலவிடத் தேவையில்லை.

பெட்டியில் துல்லிய அளவு, இறக்குமதி அல்லது உற்பத்தி உரிம எண், அதிகபட்ச விலை ஆகியவை அச்சாகியிருக்கின்றனவா என்று பாருங்கள். இந்தியாவில் 2021 ஜூலையில் தேசிய மருந்து விலை நிர்ணய ஆணையம், டிஜிட்டல் வெப்பமானி உள்ளிட்ட ஐந்து கருவிகளின் விற்பனை இலாபத்துக்கு உச்சவரம்பு விதித்தது. அகச்சிவப்புக் கருவியானால், தொழிற்சாலை எந்திரங்களை அளக்கும் மாதிரியை உடல் வெப்பமானி என்று நம்பி வாங்கிவிடாமல், 35 முதல் 42 செல்சியஸ் வரை ±0.2 என்று குறிப்பிட்டிருக்கிறதா என்று தேடுங்கள்.

வாங்கி வந்த அன்றே, வீட்டில் யாருக்கும் காய்ச்சல் இல்லாத நிலையில், ஒவ்வொருவருக்கும் காலையிலும் மாலையிலும் ஒரே இடத்தில் அளந்து, பெயரோடும் நேரத்தோடும் ஒரு துண்டுத்தாளில் எழுதுங்கள். இரண்டு மூன்று நாள் அப்படிச் செய்தால் அவரவர் இயல்பளவு தெரிந்துவிடும். அந்தத் தாளை மடித்து வெப்பமானியின் உறைக்குள்ளேயே வைத்துவிடுங்கள். நள்ளிரவில் உங்கள் கைக்கு அதுவும் கருவியோடு சேர்ந்து வரும்.